ஓணானின் ஸலாம்

வாயில்லாச் சீவன்களிடம் இரக்கம் காட்ட வேண்டும் என்பதை நம்மில் மறுப்பவர் எவருமில்லை. ஜும்ஆ மேடைகளில் அதைப் பற்றிப் பேசுகிறோம். பிள்ளைகளுக்கும் சொல்லிக் கொடுக்கிறோம். ஆயினும் இரக்கத்திற்கு முன்னால் ஒரு கேள்வி நிற்கிறது. அதை நாம் அதிகம் எடுத்துப் பேசுவதில்லை. ஒருவன் நல்லெண்ணத்தோடு ஒரு பிராணியை வளர்க்கிறான். உணவு தருகிறான், நீர் தருகிறான், அடிப்பதில்லை. ஆனால் அதன் இயல்பை அவன் அறியான். அவன் அறியாமையால் அது அவன் கண் முன்னாலேயே துன்புறுகிறது. அவனோ அதைப் பார்த்து மகிழ்கிறான். இந்த மனிதனுடைய நல்லெண்ணம் அவனைக் காப்பாற்றுமா? அல்லது, அறிந்துகொள்ளாமல் இருந்ததே ஒரு குற்றமாகுமா?

சில ஆண்டுகளுக்கு முன் இக்கேள்வியை எவரேனும் நம்மிடம் கேட்டிருந்தால், கிதாபுகளைப் புரட்டி அமைதியாக ஒரு விடை சொல்லியிருப்போம். இப்போது அவ்வளவு அமைதியாகச் சொல்ல இயலவில்லை. ஏனெனில் அந்த மனிதன் நாமேயாக இருந்தோம்.

கண்ணாடிப் பெட்டியில் இரு சகோதரர்கள்

2024ஆம் ஆண்டு ரமலானில் தராவீஹ் தொழுகை நடத்துவதற்காக ஆஸ்திரேலியாவின் சிட்னி நகருக்குச் சென்றிருந்தோம். அந்நகரின் மேற்குப் புறநகர் ஒன்றில் நம் சகோதரியின் குடும்பம் வசிக்கிறது, அங்கேதான் தங்கினோம். சகோதரியின் மகளுக்குப் பதினொரு வயது. அவள் இரண்டு தாடி ஓணான்களை வளர்த்து வந்தாள்.

இந்தத் தாடி ஓணான், ஆஸ்திரேலியாவின் உள்நாட்டு வறண்ட நிலங்களுக்கு உரியது. வளர்ந்தால் வாலோடு சேர்த்து ஒன்றரை அடி முதல் இரண்டடி வரை நீளம் இருக்கும். கழுத்தின் கீழ் முள் முள்ளாகத் தொங்கும் தோலைச் சிலிர்த்து விரித்தால் தாடியைப் போலத் தோன்றும். அதனால்தான் இந்தப் பெயர். நம் வேலிகளில் ஓடும் ஓணானும் இதுவும் ஒரே பெருங்குடும்பத்தைச் சேர்ந்தவை. அந்நாட்டில் காட்டிலிருந்து பிடித்து வந்து வளர்க்க அனுமதியில்லை. அந்த மாநிலத்தில் அரசின் உரிமம் பெற்று, முறையான வளர்ப்பாளரிடம் வாங்கியே வளர்க்க வேண்டும். நம் மச்சான் அப்படித்தான் வாங்கியிருந்தார். ஒன்று தனியாக இருந்தால் ஏங்கிப் போகும் என்று இரக்கப்பட்டு இரண்டாக வாங்கியிருந்தார். அந்த இரக்கத்தை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம்.

நான்கடி நீளக் கண்ணாடிப் பெட்டி. ஒரு மூலையில் சூடு தரும் விளக்கு. அதன் கீழே ஒரு தட்டையான கல். இரண்டில் ஒன்று சற்றுப் பெரியது, மற்றது சிறியது. பெரியது அந்தக் கல்லின் மீது நிமிர்ந்து அமர்ந்து தலையை மேலும் கீழுமாக வேகமாக ஆட்டும். அப்போது சிறியது தன் முன்கை ஒன்றை மெதுவாக உயர்த்தி, வட்டமாகச் சுழற்றி, மீண்டும் கீழே வைக்கும். நாம் பெட்டியருகே சென்று குனிந்தாலும் அதே போலக் கையை உயர்த்தும்.

இதை முதல் நாள் பார்த்தபோது நமக்கு உண்டான மகிழ்ச்சிக்கு அளவில்லை. "பார்த்தாயா, உன் ஓணான் நமக்கு ஸலாம் சொல்கிறது!" என்றோம். பிள்ளை குதித்தாள். அத்தோடு விட்டோமா? இல்லை. சிறியவர் பெரியவருக்கு முந்தி ஸலாம் சொல்ல வேண்டும் என்ற ஒழுக்கத்தை இந்த ஓணான்கள் பேணுகின்றன என்றும், பெரியது தலையாட்டிப் பதில் சொல்கிறது என்றும் விளக்கம் வேறு கொடுத்தோம். இரவில் சிறியதன் முதுகின் மேல் பெரியது ஏறிப் படுத்துக்கொள்ளும். பகலிலும் அந்த விளக்கின் கீழ் அப்படியே கிடக்கும். அதைச் சகோதர பாசம் என்று சொன்னோம். அந்த வாரமே பள்ளிவாசலின் மாலை வகுப்பில் முப்பது பிள்ளைகளுக்கு எதிரே அமர்ந்து, ஓணான்கூட ஸலாத்தைப் பேணுகிறதே, நாம் பேணக்கூடாதா என்று கேட்டு ஒரு சொற்பொழிவே செய்தோம். பிள்ளைகள் அடுத்தடுத்த நாட்களில் பெற்றோரோடு வந்து அந்த ஓணான்களைப் பார்த்துச் சென்றார்கள். வந்தவர் ஒவ்வொருவரும் கண்ணாடிமேல் முகம் வைத்து "ஸலாம்" என்றார்கள். சிறியது ஒவ்வொருவருக்கும் கை தூக்கியது.

வால் நுனி

நோன்பு இருபது கழிந்தபின் சிறியது மெலியத் தொடங்கியது. நாமோ இராத்தொழுகையின் மும்முரத்தில் இருந்தோம். நம் மருமகள்தான் கவனித்தாள். "மாமா, இவன் சாப்பிடுறான், ஆனா மெலியுறான்" என்றாள். "வளரும் பருவம், அப்படித்தான் இருக்கும்" என்றோம். நாம் எதை அறிந்து அப்படிச் சொன்னோம் என்று இன்றுவரை நமக்கே விளங்கவில்லை.

பெருநாளைக்கு இரண்டு நாள் கழித்து, காலையில் அவள் அழுதுகொண்டே ஓடிவந்தாள். சிறியதன் வால் நுனி கடித்துத் துண்டிக்கப்பட்டுக் கிடந்தது. பின்கால் விரல் ஒன்றிலும் காயம். ஊர்வனவற்றைப் பார்க்கும் கால்நடை மருத்துவர் ஒருவரிடம் அன்றே கொண்டு சென்றோம்.

அந்த அம்மையார் பொறுமையாகக் கேட்டார். பெட்டியின் படத்தைப் பார்த்தார். அந்தக் கையசைப்பைப் பற்றிச் சொன்னபோது, அது வணக்கம் சொல்வதன்று என்றார். "நான் உனக்குப் போட்டியில்லை, என்னை ஒன்றும் செய்துவிடாதே என்று அடங்கிப்போவதற்குச் சிறியவை காட்டும் அடையாளம் அது" என்றார். பெரியது தலையை வேகமாக ஆட்டியது பதில் ஸலாமன்று. இது என் இடம் என்று மிரட்டியது. மேலேறிப் படுத்தது பாசமன்று. சூடு வரும் ஒரே இடத்தைப் பறித்துக்கொண்டது. ஓணானின் உடம்பு தானாகச் சூடுண்டாக்கிக் கொள்ளாது. வெளிச்சூட்டைப் பெற்றால்தான் தின்றதும் செரிக்கும். சூடு கிடைக்காதது எவ்வளவு தின்றாலும் மெலியும். இவை கூட்டமாக வாழும் பிராணிகள் அல்ல. ஒரு பெட்டியில் இரண்டு ஆண்களை வைக்கவே கூடாது. தனிமையில் ஏங்கும் என்று நாம் இரக்கப்பட்டது நம் இயல்பை வைத்துத்தானே தவிர அதன் இயல்பை வைத்தல்ல. துண்டான வால், வீட்டுப் பல்லிக்கு வளர்வதுபோல இதற்கு மீண்டும் வளராது என்றும் சொன்னார்.

பிறகு அவர் சாதாரணமாக ஒரு கேள்வி கேட்டார்: "அது உங்களுக்கு வணக்கம் சொல்கிறது என்று யார் சொன்னார்கள்?"

பிள்ளை நம்மை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு தலையைக் குனிந்துகொண்டு, "நாங்களாவே நினைச்சிக்கிட்டோம்" என்றாள்.

பதினொரு வயதுப் பிள்ளை நம் மானத்தைக் காத்தாள். அந்த நொடியில் நாம் அடைந்த வெட்கத்தை எழுத்தில் வடிக்க இயலாது. "நாம்தான் சொன்னோம்" என்று மருத்துவரிடம் சொன்னோம். சொன்னது சற்றுத் தாமதமாகத்தான்.

எண்ணிப் பாருங்கள். ஸலாம் என்பதன் பொருள் என்ன? என்னால் உனக்குத் தீங்கில்லை, நீ அமைதியாக இரு என்று ஒருவர் மற்றவருக்குத் தரும் உறுதிமொழி அல்லவா? அந்தச் சிறிய பிராணி கை தூக்கி நம்மிடம் கேட்டதும் அந்த உறுதிமொழியைத்தான். நாமோ அது நமக்கு மரியாதை செய்வதாக எண்ணி, மேலிருந்து கைநீட்டி அதைத் தூக்கி விருந்தாளிகளுக்குக் காட்டினோம். அபயம் கேட்டவனின் குரலைப் பாராட்டுரை என்று எண்ணிய அரசனுக்கும் நமக்கும் என்ன வேறுபாடு?

கல்லெறிந்த கைகள்

அன்றிரவு நமக்கு நம் சிறுவயது நினைவுக்கு வந்தது. நாம் பிறந்த கடற்கரைச் சிற்றூரில், மத்ரஸா விட்டு வரும் வழியெல்லாம் கருவேலம் வேலி. வேலியில் ஓணான் இருக்கும். ஓணானைக் கண்டால் கல்லெடுக்காத பையன் எங்களில் இல்லை. ஈர்க்கில் சுருக்குப் போட்டுப் பிடிப்போம். அதன் வாயில் மூக்குப்பொடியைப் போட்டு, அது தடுமாறுவதைப் பார்த்துச் சிரிப்போம். ஏனடா என்று கேட்டால் எங்களிடம் காரணமும் இருந்தது. அது தலையாட்டித் தொழுகையைக் கேலி செய்கிறதாம்! அதன் கழுத்துச் சிவப்பது தூரத்திலிருந்தே நம் இரத்தத்தை உறிஞ்சுவதாலாம்! யார் சொன்னார்கள் என்று எவரும் கேட்டதில்லை. எந்தக் கிதாபிலும் நாம் அதைப் படித்ததில்லை.

உண்மை என்ன? ஆண் ஓணான் தலையாட்டுவதும் முன்கால்களில் எழுந்தெழுந்து தாழ்வதும் தன் எல்லையைப் பிற ஆண்களுக்கு அறிவிப்பதற்காக. கழுத்துச் சிவப்பது இனச்சேர்க்கைக் காலத்தில். அதற்கும் நம் தொழுகைக்கும் நம் இரத்தத்திற்கும் யாதொரு தொடர்புமில்லை. அது நம்மைப் பற்றி ஒன்றும் சொல்லவே இல்லை.

பல்லியைப் பற்றிய நபிமொழி இருக்கிறதே என்று சிலர் கேட்கக்கூடும். அது 'வஸக்' பற்றிய தனிச் சட்டம். அதன் விவரங்களை அறிஞர்கள் அதனதன் இடத்தில் பேசியுள்ளார்கள். அதை நீட்டி, வேலியில் கிடக்கும் ஓணானின் கழுத்தில் சுருக்கு மாட்டுவதற்கு ஆதாரமாக்க இடமில்லை. அறுக்கும்போதுகூட அழகிய முறையில் அறுக்க வேண்டும், கத்தியைத் தீட்டிக்கொள்ள வேண்டும் என்று கற்பித்த மார்க்கத்தில், வேடிக்கைக்காக வதைப்பதற்கு எங்கே வழியிருக்கிறது?

ஆனால் நாம் சொல்ல வந்தது இதுவன்று. சிறுவனாக இருந்தபோது தலையாட்டலைக் கேலி என்று படித்தோம், கல்லெறிந்தோம். பெரியவனாகி, மௌலவி என்று பெயரெடுத்து, அதே தலையாட்டலை ஸலாம் என்று படித்தோம், கொஞ்சினோம். முன்னது வெறுப்பு, பின்னது அன்பு. ஆனால் இரண்டும் ஒரே பிழை. இரண்டிலும் அந்தப் பிராணியை நாம் பார்க்கவில்லை. அதன் உடம்பின் மேல் நம் கதையை எழுதி, அதை நாமே படித்துக்கொண்டோம். கல்லடி பட்ட ஓணானுக்கும் வாலிழந்த ஓணானுக்கும் நம் உள்ளத்தில் இருந்தது வெறுப்பா அன்பா என்பதனால் வலியில் என்ன குறைவு?

மொழி தெரியாத சாட்சி

இனி, தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வருவோம்.

பிராணியை வளர்ப்பது ஆகாது என்று நாம் சொல்லவில்லை. அபூ உமைர் என்ற சிறுவர் ஒரு குருவி வைத்திருந்ததும், அது இறந்தபோது நாயகம் (ஸல்) அவர்கள் அச்சிறுவரிடம் பரிவோடு பேசியதும் நாம் அறிந்த செய்தி. அந்த ஒரு நிகழ்ச்சியிலிருந்து ஷாஃபி மத்ஹபின் பழம்பெரும் அறிஞர் இப்னுல் காஸ் அவர்கள் அறுபது சட்டப் பயன்களை எடுத்துத் தனி நூலே எழுதினார்கள். வளர்க்க அனுமதி உண்டு. ஆனால் அனுமதியோடு பொறுப்பும் வருகிறது. பிராணிக்குத் தீனி தராத உரிமையாளரைத் தீனி தரும்படியோ, விற்றுவிடும்படியோ கட்டாயப்படுத்த வேண்டும் என்று ஃபிக்ஹு நூல்கள் கூறுகின்றன. தாங்க முடியாத சுமையை ஏற்றலாகாது. கன்றுக்குத் தீங்காகும் அளவு பால் கறக்கலாகாது என்றும் கூறுகின்றன.

இச்சட்டங்களைக் கூர்ந்து நோக்குங்கள். தாங்க முடியாத சுமை எது என்பதை எப்படி அறிவது? கன்றுக்கு எவ்வளவு பால் போதும் என்பதை எப்படி அறிவது? மாடு வாய்திறந்து சொல்லாது. அதன் இயல்பை அறிந்தவனால்தான் அந்தச் சட்டத்தைப் பேணவே முடியும். ஆகவே, அறிந்துகொள்வது என்பது அந்தக் கடமைக்குள்ளேயே அடங்கியிருக்கிறது. ஒளு இல்லாமல் தொழுகை கூடாது என்றால், தண்ணீரைத் தேடுவதும் கடமையாகிவிடுவது போல.

காஜியின் முன் ஒரு சாட்சி வருகிறான். அவன் பேசும் மொழி காஜிக்குத் தெரியாது. அப்போது நேர்மையான மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்பது சட்டம். காஜி சாட்சியின் முகத்தைப் பார்த்து, "இவன் சிரிக்கிறான், ஆகவே சம்மதிக்கிறான்" என்று தீர்ப்பெழுதினால் அந்தத் தீர்ப்பு நிற்குமா? காஜி நல்லவர், அவர் எண்ணம் தூய்மையானது என்று சொன்னால் மட்டும் நின்றுவிடுமா? நாம் வளர்க்கும் பிராணியின் உடம்பும் மொழி தெரியாத ஒரு சாட்சிதான். கறுத்த தாடி, திறந்த வாய், உயர்த்திய கை என ஒவ்வொன்றும் ஒரு வாக்குமூலம். தாடி கறுப்பது பெரும்பாலும் அச்சத்தாலோ சீற்றத்தாலோ. விளக்கடியில் வாயைத் திறந்தபடி கிடப்பது பசியாலன்று. மிகுந்த சூட்டைத் தணித்துக்கொள்வதற்காக. குளிர்காலத்தில் நாட்கணக்கில் தின்னாமல் ஒடுங்கிக் கிடப்பது நோயாகவும் இருக்கலாம். அதன் இயல்பான ஒடுக்கமாகவும் இருக்கலாம். அறிந்தவரைக் கேளாமல் வாயைப் பிளந்து ஊட்டுவது அன்பு ஆகாது.

ஓர் ஐயம் எழலாம். மனிதன் பிராணியை உண்மையிலேயே அறிய முடியுமா? பறவைகளின் மொழியை அறியும் பேறு சுலைமான் நபிக்குக் கிடைத்தது, நமக்கேது? மருத்துவர் சொன்னதும் மனிதர் சொன்ன விளக்கம்தானே? நாம் ஸலாம் என்றோம், அவர் அச்சம் என்றார். ஒன்றை விட மற்றது எப்படி உயர்ந்தது?

ஐயம் நியாயமானது. அந்த ஓணானின் உள்ளத்தில் என்ன நிகழ்கிறது, அச்சம் என்று நாம் உணர்வதைத்தான் அதுவும் உணர்கிறதா என்பதை நாம் அறியோம். அது படைத்தவனுக்கே உரிய அறிவு. ஆனால் நம் விளக்கத்திற்கும் அவர் விளக்கத்திற்கும் இடையே ஒரு பெரும் வேறுபாடு உண்டு. நம் விளக்கம் எதனாலும் பொய்யாகாது. அது கை தூக்கினாலும் ஸலாம், தூக்காவிட்டால் தூக்கம் என்றிருப்போம். அவர் விளக்கமோ சோதனைக்கு உட்பட்டது. இரண்டையும் பிரித்து, ஒன்றையொன்று காணாதபடி வையுங்கள், தனி விளக்குக் கொடுங்கள், சிறியது தேறும் என்றார். தேறாமல் போயிருந்தால் அவர் சொன்னது பிழை என்று அறிந்திருப்போம். மேலும், நம் விளக்கம் நமக்கு இனிப்பாக இருந்தது. நம்மை மரியாதைக்குரியவராகக் காட்டியது. அவர் விளக்கம் நம்மிடம் வேலை வாங்கியது. இரண்டு விளக்கங்களில் எது தன்னைப் புகழ்கிறதோ, அதை இன்னொரு முறை சோதித்துப் பார்ப்பது அறிவுடைமை.

உள்ளத்தை அறிய நாம் பணிக்கப்படவில்லை. எது அதற்குத் தீங்கு, எது நலம் என்பதை அறிவதே போதும், அதுவே கடமை. குஞ்சுகளை இழந்த பறவை ஒன்று சிறகடித்துச் சுற்றியதைக் கண்ட நாயகம் (ஸல்) அவர்கள், அதை வருத்தியவர் யார் என்று கேட்டு, குஞ்சுகளைத் திருப்பிக் கொடுக்கச் செய்தார்கள். உடனிருந்த தோழர்களும் அதே சிறகடிப்பைத்தான் பார்த்தார்கள். அதை ஒரு கேள்வியாக எடுத்துக்கொண்டவர்கள் நாயகம் அவர்கள்.

ஆகவே நம் விடை இது: அறியாமல் செய்த பிழைக்கு மன்னிப்பு உண்டு. ஆனால் ஒரு சீவனின் நடமாட்டத்தைத் தடுத்து, அதன் உணவும் சூடும் நம் கையில்தான் என்று ஆக்கிக்கொண்டபின், அறிந்துகொள்ள வழியிருந்தும் அறியாமல் இருப்பது வெறும் அறியாமையன்று, அது அலட்சியம். பூனையைக் கட்டிவைத்த பெண்ணின் செய்தியை நாம் அடிக்கடி சொல்கிறோம். அவள் உணவும் தரவில்லை, தானே தேடிக்கொள்ள விடவும் இல்லை. அந்த இரண்டாவது சொல்லில் நமக்குப் பாடம் இருக்கிறது. வேலி ஓணான் சூடு தேடி வேறு கிளைக்குப் போகும். கண்ணாடிப் பெட்டியில் இருப்பது எங்கே போகும்? கதவை அடைத்தவனே அதற்குக் கணக்குச் சொல்ல வேண்டும்.

இது ஆஸ்திரேலியாவின் ஓணானுக்கு மட்டும் உரிய பேச்சன்று. ஹஜ்ஜுப் பெருநாளைக்கு நாலு நாள் முன்னதாக ஆடு வாங்கி வாசலில் கட்டுகிறோம். பிள்ளைகள் சூழ்ந்து நிற்க, அது அசையாமல் நின்றால் "சாதுவான ஆடு" என்கிறோம். மந்தையைப் பிரிந்த ஆடு மிரண்டுபோய் அசையாமல் நிற்கிறதா என்று எவரேனும் கேட்கிறோமா? கூண்டிலிருக்கும் புறா, தொட்டியிலிருக்கும் மீன் எல்லாவற்றுக்கும் இதே கேள்வி உண்டு. வாங்குவதற்கு முன் அதை அறிந்தவரிடம் மூன்று செய்திகளைக் கேளுங்கள்: இது தனித்து வாழ்வதா, கூடி வாழ்வதா? இதற்கு இன்றியமையாதது எது? துன்பப்பட்டால் எப்படிக் காட்டும்? விடை தெரியாதவரை வாங்காதிருங்கள்.

ஊர் திரும்புவதற்கு முன் அந்த மாலை வகுப்பில் மீண்டும் அமர்ந்தோம். "நான் உங்களுக்குச் சொன்னது தவறு, பிள்ளைகளே, எனக்குத் தெரியாததைத் தெரிந்ததுபோலச் சொன்னேன்" என்றோம். முப்பது முகங்கள் நம்மைப் பார்த்தன. தெரியாது என்று சொல்வது அறிவில் பாதி என்று உஸ்தாதுமார்கள் நமக்குச் சொன்னார்கள். அந்தப் பாதியைப் பதினேழு ஆண்டுக்காலம் ஓதியும் படிக்காமல் விட்டிருந்தோம். ஒரு சிறுவன் கையைத் தூக்கி, "அப்போ அது எங்ககிட்ட என்னதான் சொல்லிச்சு, ஹஜ்ரத்?" என்று கேட்டான். "என்னை ஒண்ணும் செஞ்சிடாதீங்கன்னு சொல்லிச்சு" என்றோம். வகுப்பில் சற்று நேரம் எவரும் பேசவில்லை.

இப்போது அவை இரண்டும் தனித்தனிப் பெட்டிகளில், ஒன்றையொன்று காணாதபடி இருக்கின்றன. சிறியது தேறிவிட்டது; வால் மட்டும் மொட்டையாகவே இருக்கிறது. நம் மருமகள் அதை எடுக்கும்போது இரையெடுக்கும் பறவைபோல மேலிருந்து கையைக் கொண்டுபோவதில்லை. பக்கத்தில் தாழ்வாகக் கையை வைத்துக் காத்திருக்கிறாள். சென்ற மாதம் தொலைபேசியில் சொன்னாள்: "மாமா, இப்பெல்லாம் அவன் என்னைப் பார்த்துக் கை தூக்குறதே இல்ல."

அதைவிட நல்ல ஸலாத்தை நாம் கேட்டதில்லை. நம் கையில் அகப்பட்ட சீவன்கள் நம்மிடம் அபயம் கேட்க வேண்டிய தேவையில்லாத நிலையை வல்ல இறைவன் நமக்கு அருள்வானாக! ஆமீன்.